பாஸ்கா இரவுக்குக் கற்பிட்டி மரக்கறி

பாஸ்கா என்ற சொல் புத்தளம் கரையோரத்துக்குப் புதிதல்ல. தலவில அன்னம்மாள் ஆலயத்தைச் சுற்றியுள்ள கத்தோலிக்க மீனவக் கிராமங்களில், உயிர்ப்பு ஞாயிறுக்கு முந்திய இரவுத் திருவிழிப்பின்போது, இஸ்ரயேல் மக்கள் செங்கடலைக் கடந்து எகிப்திலிருந்து தப்பிய கதை ஆண்டுதோறும் வாசிக்கப்படுகிறது. அங்கிருந்து சற்றுத் தள்ளியிருக்கும் முஸ்லிம் கிராமங்களில் முஹர்ரம் பத்தாம் நாள் ஆஷூரா நோன்பு பிடிப்பவர்களும் இதே கதையை நினைத்துத்தான் பிடிக்கிறார்கள். மூஸா நபியையும் அவரது மக்களையும் ஃபிர்அவ்னிடமிருந்து இறைவன் காப்பாற்றிய நாள் அது. மதீனாவில் யூதர்கள் அந்த நாளில் நோன்பிருப்பதைக் கண்டு நபியவர்கள் தாமும் நோற்று, மற்றவர்களையும் நோற்கச் சொன்னார்கள் என்று ஹதீஸ் சொல்கிறது.

கதை இங்கே எல்லோருக்கும் தெரியும். அந்தக் கதையை யூதர்கள் எப்படிச் சாப்பிடுகிறார்கள் என்பதுதான் தெரியாது. சாப்பிடுகிறார்கள் என்று வேண்டுமென்றேதான் எழுதுகிறேன். பெசாஹ் என்று அவர்கள் அழைக்கும் பண்டிகையின் முதல் இரவில் நடக்கும் சேடர் விருந்தில், அடிமைத்தனத்தையும் அவசரமாக வெளியேறியதையும் ஒவ்வொரு உணவுப் பொருளாகக் கையில் எடுத்துச் சொல்லி, பிறகு வாயில் போடுவார்கள். இந்தக் கட்டுரை அந்த மேசையின் மையத்தில் இருக்கும் புனிதப் பொருட்களைப் பற்றியதல்ல. ஓரத்தில் வைக்கப்படும் மரக்கறிக் கிண்ணங்களைப் பற்றியது. ஆளுக்கு ஒன்றாக, போறணையில் வேகவைத்து எடுக்கும் சிறு கிண்ணங்கள்.

இதை எழுத நேர்ந்தது ஒரு தொலைபேசி அழைப்பால். 2025 ஏப்ரலில், டொல்பின் பார்க்க வருவோரின் பருவம் முடிகிற நேரத்தில், கற்பிட்டித் தீபகற்பத்தின் ஒரு சிறிய விருந்தினர் விடுதிக்கு இலண்டனிலிருந்து ஒரு யூதக் குடும்பம் வந்திருந்தது. ஏப்ரல் 12 மாலை பெசாஹ் தொடங்குகிறது, நமது சித்திரைப் புத்தாண்டுக்கு இரண்டு நாள் முன்னர். அந்த விடுதியில் சமைப்பவர் எருக்கலம்பிட்டியைச் சேர்ந்த ஒரு ராத்தா. 1990 ஒக்டோபரில் பன்னிரண்டு வயதுப் பிள்ளையாக மன்னாரிலிருந்து படகில் கற்பிட்டிக்கு வந்து இறங்கியவர். இடம்பெயர்ந்தோர் பற்றிய வேறொரு கட்டுரைக்காக முன்பு அவரோடு பேசியிருந்தேன். “தங்கச்சி, கொஞ்சம் பார்த்துச் சொல்லுங்க. கோதுமை மா போடாம, பாலும் போடாம, மரக்கறியில ஆளுக்கொரு கிண்ணமா ஏதாவது செய்யணுமாம். இது என்ன மாதிரி நோன்பு?” என்று கேட்டார்.

நோன்பு அல்ல, ஆனால் நோன்பைவிடக் கட்டுப்பாடு கூடிய எட்டு நாட்கள், இஸ்ரேலில் ஏழு. அந்த நாட்களில் கோதுமை, பார்லி, ரை, ஓட்ஸ், ஸ்பெல்ட் எனும் ஐந்து தானியங்களில் எதுவும் புளித்த நிலையில் வீட்டில் இருக்கவே கூடாது. இதை ஹமெட்ஸ் என்கிறார்கள். எகிப்திலிருந்து புறப்பட்டபோது மா புளிக்கும்வரை காத்திருக்க நேரமிருக்கவில்லை, பிசைந்த மாவை அப்படியே சுட்டு எடுத்துக்கொண்டு போனார்கள் என்பது காரணம். மாவில் தண்ணீர் பட்டதிலிருந்து 18 நிமிடத்துக்குள் சுட்டு முடித்தால் அது மட்சா எனும் புளிப்பில்லா அப்பம். ஒரு நிமிடம் கூடினால் விலக்கப்பட்டது. பண்டிகைக்கு முன்னர் வீட்டின் மூலைமுடுக்கெல்லாம் துடைத்துப் பாண் துகள்களைத் தேடி எரிப்பார்கள்.

ஆக, பாண், ரொட்டி, கேக், பிஸ்கட் எல்லாம் வெளியே. நமது சமையலறையில் கோதுமை ஒளிந்திருக்கும் இடங்கள் வேறும் உண்டு. சோயா சோஸில் பெரும்பாலும் கோதுமை இருக்கும். கடையில் வாங்கும் பெருங்காயத்தூளில் கோதுமை மா கலப்பது வழக்கம். ராத்தாவிடம் இதைச் சொன்னதும் அவர் சிரித்தார். அவர் சமையலில் பெருங்காயமே இல்லை.

சோறு? இங்கேதான் யூதர்களுக்குள்ளேயே வழக்கம் பிரிகிறது. கிழக்கு, மத்திய ஐரோப்பாவிலிருந்து வந்த அஷ்கெனாசி யூதர்கள் அரிசி, பருப்பு, சோளம், கடுகு போன்றவற்றையும் பெசாஹ் நாட்களில் தவிர்த்து வந்தார்கள். இவற்றுக்குக் கித்னியோத் என்று பெயர். ஸ்பெயின், வட ஆபிரிக்கா, மத்திய கிழக்கு வழிவந்தவர்கள் பலருக்கு அரிசி விலக்கல்ல. நமக்குக் கிட்டிய கொச்சி யூதர்கள் பெசாஹ்வில் சோறு உண்டவர்கள்தான். கொச்சியில் 1568 இல் கட்டப்பட்ட பரதேசி சினகொக் இன்றும் நிற்கிறது. சமூகத்தில் பெரும்பாலோர் 1950களில் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். அமெரிக்காவின் கன்சர்வேட்டிவ் யூதப் பிரிவு 2015 இறுதியில் அஷ்கெனாசிகளும் அரிசி, பருப்பு உண்ணலாம் என்று அனுமதித்தது. ஆனாலும் பாட்டி உண்ணாததைப் பேத்தி உண்ண மனம் ஒப்புவதில்லை. இலண்டன் குடும்பத்திலும் மூதாட்டி அரிசி தொடமாட்டார், பிள்ளைகள் தொடுவார்கள்.

பால் விடயம் பெசாஹ்வுக்கு மட்டுமானதல்ல, ஆண்டு முழுவதற்குமான கோஷர் சட்டம். இறைச்சியையும் பாலையும் ஒரே வேளையில் உண்ணக் கூடாது. அதனால் இறைச்சி விருந்துக்குப் பக்கக் கறி செய்பவர் பட்டர், பால், சீஸ் எதையும் தொட முடியாது. இரண்டு பக்கமும் சேராத பொருளுக்குப் பார்வே என்று பெயர். முட்டை பார்வே, மீனும் மரக்கறியும் பார்வே. ஐரோப்பிய யூதப் பெண்கள் நூற்றாண்டுகளாகத் திண்டாடிய இந்த இடத்தில், தென்னை முக்கோணத்தின் ஒரு முனையில் இருக்கும் புத்தளத்துக்காரருக்குத் திண்டாட்டமே இல்லை. தேங்காய்ப்பால் பெயரில்தான் பால். சட்டப்படி அது மரத்திலிருந்து வந்த சாறு. தேங்காயெண்ணெயும் அப்படியே. முதற்பாலை ஊற்றிச் செய்த மரக்கறியை எந்த இறைச்சிக்குப் பக்கத்திலும் வைக்கலாம்.

இறைச்சி அந்த மேசையில் இருக்கவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஹலால் முறையில் அறுத்தது கோஷர் ஆகாது. கோஷர் இறைச்சி இங்கே கிடைக்காது. எனவே மீன். செதிலும் துடுப்பும் இரண்டும் இருந்தால்தான் ஆகுமென்ற விதியைக் கேட்டு மீன்வாடிக்குப் போனால் கற்பிட்டியின் பெருமைகள் பாதி கழிந்துவிடும். நண்டு, இறால், கணவாய், சுறா, திருக்கை எதுவும் ஆகாது. பாரையும் சூரையும் விளைமீனும் ஆகும். கண்டிப்பாகச் சட்டம் பேணுகிற குடும்பம் இன்னொரு மதத்தவரின் சமையலறையில் வெந்ததை உண்டிருக்கவே மாட்டாது. இவர்கள் அவ்வளவு கண்டிப்பானவர்கள் அல்லர். மா வேண்டாம், பாட்டிக்குத் தானியம் வேண்டாம், முடிந்தால் புதுப் பாத்திரம் என்று மட்டும் கேட்டார்கள்.

பாத்திரத்தில் ஒரு நுணுக்கம். உலோகப் பாத்திரத்தைக் கொதிநீரில் அமிழ்த்தித் தூய்மையாக்கலாம், மண்பாண்டத்தை முடியாது. மண் தான் உறிஞ்சியதை விடாது என்பதால் உடைக்கத்தான் வேண்டும் என்று தோராவிலேயே இருக்கிறது. நம் வீடுகளில் தயிர் வாங்கிய சிறு சட்டிகளைக் கழுவி அடுக்கி வைத்திருப்போம். பார்க்க அளவாகவும் அழகாகவும் இருக்கும். ஆனால் தயிர் ஊறிய சட்டி பார்வே அல்ல. அலுமினியத்தாள் கிண்ணங்களே எளிது. வட்டிலப்பம் அவிக்கும் உலோகக் கிண்ணமும் அளவு சரி.

ஏன் ஆளுக்கொரு கிண்ணம்

ஐரோப்பிய யூத வீடுகளில் குகல் என்று ஒரு உணவு உண்டு. துருவிய உருளைக்கிழங்கையோ கரட்டையோ முட்டையில் கட்டி, பெரிய தட்டில் ஊற்றிப் போறணையில் சுட்டு, துண்டு போடுவார்கள். பந்து, உருண்டை என்ற பொருளுள்ள ஜேர்மன் சொல்லிலிருந்து வந்த பெயர். அதைச் சிறு கிண்ணங்களில் சுடுவது பிற்கால வழக்கம், ஆனால் சேடருக்கு மிகப் பொருத்தமானது. சேடர் என்றால் ஒழுங்கு. கதை சொல்லி, கேள்வி கேட்டு, உப்புநீரில் கீரை தோய்த்து, கசப்புக்கீரை உண்டு, அதன் பிறகே உண்மையான சாப்பாடு வரும். சூரியன் மறைந்த பின்னர் தொடங்குவதால் சோறு கறிக்கு இரவு ஒன்பதோ பத்தோ ஆகிவிடும். பெரிய தட்டில் சுட்டதை அந்நேரம் மீளச் சூடாக்கினால் ஓரம் கருகும், நடு குளிர்ந்திருக்கும். சிறு கிண்ணம் பத்து நிமிடத்தில் சமமாகச் சூடாகும். ஓரம் முறுகியிருப்பதே குகலின் சுவை; கிண்ணத்தில் எல்லோருக்கும் ஓரம் கிடைக்கும். ஒரே மேசையில் வெவ்வேறு வழக்கம் உள்ளவர்கள் இருந்தால் பாட்டியின் கிண்ணத்தைத் தனியாக அடையாளமிட்டு வைக்கலாம்.

இது எல்லாவற்றையும் விளக்கியபோது ராத்தாவுக்கு ஒன்று மட்டும் பிடிக்கவில்லை. பெருநாள் சாப்பாடு என்றால் அவருக்குச் சஹன்தான். பெரிய தட்டு, சுற்றி ஐந்தாறு பேர், ஒரே சோற்றில் எல்லோருடைய கையும். “ஆளுக்கு அளந்து வைக்கிறது விருந்தில்ல தங்கச்சி, அது காம்ப்” என்றார்.

அந்த ஒரு வரியை விளங்கிக்கொள்ள 1990 ஒக்டோபருக்குப் போக வேண்டும். விடுதலைப் புலிகள் வடக்கின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். தொகை 75,000 அளவில் என்று கணிக்கப்படுகிறது. யாழ்ப்பாண நகரில் ஒக்டோபர் 30 அன்று கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணித்தியாலம். பணத்தில் சில நூறு ரூபாவை விட்டு மற்றவற்றை, நகைகளை, வீட்டுத் திறப்புகளைப் பறித்துக்கொண்டு அனுப்பினார்கள். மன்னார்த் தீவிலிருந்து பெருந்தொகையானோர் படகுகளில் ஏற்றப்பட்டுக் கற்பிட்டிக் கரையில் இறக்கப்பட்டார்கள். பள்ளிவாசல்களும் பாடசாலைகளும் நிறைந்து, தென்னந்தோப்புகளில் கிடுகுக் கொட்டில்கள் எழுந்தன. அந்த முதல் வாரங்களின் உணவு பார்சல். ஆளுக்கு ஒன்று. குழந்தைக்கும் ஒன்றா அரையா என்று வரிசையில் சண்டை. பிறகு குடும்ப அட்டைக்கு அளந்து கொடுத்த உலருணவு. ராத்தாவின் உம்மா பார்சல்களை வாங்கி வந்து, எல்லாவற்றையும் ஒரு தாம்பாளத்தில் கொட்டிக் குழைத்து, பிள்ளைகளைச் சுற்றி இருத்தித்தான் கொடுப்பாராம்.

2009 இல் மெனிக் பாம் முகாமில் சோற்றுப் பார்சலுக்குக் கைநீட்டி நின்றவர்களுக்கும் இதை விளக்கத் தேவையில்லை. அளந்து கிடைக்கும் உணவின் அவமானம் இன மத பேதமின்றி ஒன்றுதான்.

ஆனால் யார் அளக்கிறார் என்பதில் வேறுபாடு உண்டு என்றே நினைக்கிறேன். வரிசையில் நிற்பவருக்கு அளப்பது வேறு, இந்தப் பாட்டிக்கு இது ஆகாது என்று நினைவில் வைத்து அவருக்கென்று ஒரு கிண்ணத்தைத் தனியே சுடுவது வேறு. வட்டிலப்பத்தை நாமும் சிறு கிண்ணங்களில் அவிக்கிறோம். அதை யாரும் நிவாரணம் என்பதில்லை. இதைச் சொன்னபோது ராத்தா ஒத்துக்கொண்டாரா தெரியவில்லை, ஆனால் கிண்ணங்களை எண்ணத் தொடங்கினார்.

மூன்று கிண்ணங்கள்

கற்பிட்டியின் மணற்பாங்கான நிலம் கிணற்று நீரில் மரக்கறி விளையும் நிலம். வெங்காயம், மிளகாய், பீற்றூட், உருளைக்கிழங்கு, கத்தரி என்று தம்புள்ளைக்கும் கொழும்புக்கும் லொறிகள் போகின்றன. 1990க்குப் பின் இந்தத் தோட்டங்களில் நாட்கூலிக்கு வெங்காயம் நட்டவர்களும் மிளகாய் பறித்தவர்களும் பெரும்பாலும் இடம்பெயர்ந்து வந்த பெண்களே. யாழ்ப்பாணத்தில் கடை வைத்திருந்தவர்களின் மனைவிமாரும் அதில் அடக்கம்.

முதலாவது உருளைக்கிழங்குக் கிண்ணம். பன்னிரண்டு கிண்ணத்துக்கு ஒரு கிலோ கிழங்கு, இரண்டு பெரிய வெங்காயம், நான்கு முட்டை, ஆறு மேசைக்கரண்டி தேங்காயெண்ணெய், ஒன்றரைத் தேக்கரண்டி உப்பு, ஒரு தேக்கரண்டி மிளகுத்தூள். கிழங்கையும் வெங்காயத்தையும் துருவி, துணியில் கட்டிப் பலமாகப் பிழிய வேண்டும். பிழிந்த நீரைக் கொட்டிவிடக் கூடாது. பத்து நிமிடம் அசையாமல் வைத்தால் அடியில் வெள்ளையாக மாப்பொருள் படியும். மேல் நீரை வடித்துவிட்டு அந்த மாவை வழித்துக் கிழங்கோடு சேர்க்க வேண்டும். கோதுமை மா செய்யும் வேலையை இது செய்துவிடும். மட்சாத் தூளைத் தேடி அலைய வேண்டியதில்லை. முட்டைகளை ஒவ்வொன்றாகத் தனிக் கோப்பையில் உடைத்து இரத்தப் புள்ளி இருக்கிறதா என்று பார்ப்பது கோஷர் விதி. ராத்தா எப்போதும் அப்படித்தான் உடைப்பாராம், கூழ்முட்டைப் பயத்தில்.

கிண்ணம் ஒவ்வொன்றிலும் அரை மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, 200 பாகை சூட்டிலுள்ள போறணையில் ஐந்து நிமிடம் வைத்து எடுக்கவும். எண்ணெய் சூடாக இருக்கும்போதே கலவையை ஊற்றினால் சீறும். அந்தச் சீறலில்தான் ஓரம் முறுகும். மீண்டும் வைத்து நாற்பது முதல் நாற்பத்தைந்து நிமிடம். துருவிய கிழங்கு காற்றில் கறுக்கும் என்பதால் துருவியதிலிருந்து ஊற்றுவதுவரை இழுத்தடிக்கக் கூடாது.

இரண்டாவது கத்தரிக்காய். இதற்கு நீண்ட வரலாறு உண்டு, சுருக்கமாகச் சொல்கிறேன். 1492 மார்ச் 31 அன்று ஸ்பெயினின் அரசியும் அரசரும் யூதர்களை நாட்டை விட்டு வெளியேறப் பணித்தார்கள். நான்கு மாத அவகாசம். பொன், வெள்ளி, நாணயம் எதையும் கொண்டுபோகக் கூடாது. போனவர்களில் பெருந்தொகையானோர் பின்னர் ஒட்டோமன் துருக்கியின் நகரங்களில் குடியேறினார்கள். மதம் மாறித் தங்கியவர்களை விசாரணை மன்றங்கள் உணவைக்கொண்டும் வேவு பார்த்தன. வேலைக்காரிகளின் சாட்சியங்களில் கத்தரிக்காய்க் கறி ஓர் அடையாளமாகத் திரும்பத் திரும்ப வருகிறது. கத்தரியை ஸ்பெயினுக்குக் கொண்டுவந்தவர்கள் முஸ்லிம்கள். யூதரும் முஸ்லிமும் விரும்பி உண்ட காய் அது. முஸ்லிம் வழிவந்தவர்களையும் 1609 தொடங்கி அதே நாடு வெளியேற்றியது. சுட்ட கத்தரிக்காயை மசித்து முட்டையும் சீஸும் சேர்த்துப் போறணையில் வைக்கும் அல்மொட்ரோட்டே என்ற உணவை ஸ்பெயின் வழி யூதர்கள் துருக்கியில் இன்றும் செய்கிறார்கள். வீட்டுத் திறப்பைப் பறித்தவர்களால் கத்தரிக்காய் சுடும் பக்குவத்தைப் பறிக்க முடியவில்லை.

சீஸ் இல்லாமல் இங்கே செய்தது இப்படி. முக்கால் கிலோ கத்தரிக்காயைத் தணலில் தோல் கருகச் சுட்டு, உரித்து, அரை மணித்தியாலம் வடிதட்டில் வைத்துக் கசிந்த நீரை விடவும். இதை அவசரப்பட்டால் கிண்ணம் சொதசொதவென்று போகும். 200 கிராம் அவித்த உருளைக்கிழங்கு, மூன்று முட்டை, நான்கு பல் வெள்ளைப்பூண்டு, இரண்டு பச்சைமிளகாய், இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய், உப்பு. மசித்துக் கலந்து எண்ணெய் பூசிய கிண்ணங்களில் முக்கால் பங்கு நிரப்பி 180 பாகையில் முப்பது நிமிடம். எட்டுக் கிண்ணம் வரும். ராத்தா மாசித்தூள் போடக் கைநீட்டினார். அன்றைக்கு வேண்டாம் என்று நிறுத்திவிட்டார்.

மூன்றாவது கரட். அரைக் கிலோ துருவிய கரட், மூன்று முட்டை, 100 மில்லிலீற்றர் முதற்பால், மூன்று மேசைக்கரண்டி மரவள்ளி மா, சிறு துண்டு இஞ்சி, உப்பு. மரவள்ளி கிழங்குதான், தானியமல்ல. கடைப் பொதியென்றால் வேறு மா கலக்காததா என்று பார்த்து வாங்க வேண்டும். 180 பாகையில் முப்பத்தைந்து நிமிடம். பீற்றூட்டிலும் செய்யலாம், ஆனால் நீர் கூட விடும். மா ஒரு கரண்டி கூடுதலாகத் தேவை.

மின் போறணை இல்லாத வீட்டில் பெரிய அலுமினியச் சட்டியின் அடியில் இரண்டு விரல் தடிப்புக்கு உலர்ந்த மணல் பரப்பி, அதன்மேல் தட்டு வைத்துக் கிண்ணங்களை அடுக்கி, மூடியின் மேல் சிரட்டைத் தணல் கொட்டலாம். கீழே அடுப்பு மெதுவாக எரிய வேண்டும். நேரம் கால் பங்கு கூடும். முன்னர் வீடுகளில் கேக் சுட்ட முறைதான்.

மேசையில் கேட்கப்படும் கேள்வி

சமைப்பதா என்ற கேள்வி சமைப்பதற்கு முன்பே எழுந்தது. காஸாவில் நடப்பதைத் தினமும் தொலைபேசியில் பார்க்கும் ஊர் இது. 2024 ஒக்டோபரில் அறுகம்பே பற்றி வந்த அமெரிக்கத் தூதரகத்தின் எச்சரிக்கைக்குப் பிறகு யூதர் என்ற சொல்லே கிழக்கிலும் மேற்கிலும் சந்தேகத்தோடு உச்சரிக்கப்படுகிறது. ராத்தாவின் மச்சான் ஒருவர் “அவங்களுக்கா சமைக்கப் போறீங்க?” என்று கேட்டிருக்கிறார். 1948 இல் ஏழு இலட்சம் அளவிலான பலஸ்தீனர்கள் வீடுகளை இழந்தார்கள், அவர்களில் பலர் திறப்புகளை இன்றும் வைத்திருக்கிறார்கள். எருக்கலம்பிட்டிக்காரருக்கு இதை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

ஆனால் யூதர் என்பதும் இஸ்ரேல் அரசு என்பதும் ஒன்றல்ல. முஸ்லிம் என்றால் ஸஹ்ரான், தமிழர் என்றால் புலி என்று அடையாளமிடப்பட்டவர்கள் நாம். அந்தக் கணக்கை இன்னொருவர்மேல் போட நமக்கு என்ன உரிமை இருக்கிறது? 2024 ஏப்ரல் 23 இரவு நியூயோர்க்கின் புரூக்ளினில் நூற்றுக்கணக்கான யூதர்கள் சேடர் விருந்தைத் தெருவில் நடத்தி, இஸ்ரேலுக்கு ஆயுதம் கொடுக்காதே என்று கோரிக் கைதானார்கள். பெசாஹ் கதையை அவர்கள் படித்த விதம் அது. அதே கதையை வேறு விதமாகப் படித்து ஆக்கிரமிப்பை நியாயப்படுத்துகிறவர்களும் இருக்கிறார்கள். இரண்டும் உண்மை. ராத்தா மச்சானுக்குச் சொன்ன பதில் சிறியது. பாட்டிக்குப் பசிக்கும் என்றார்.

எனக்கு இந்த மேசையில் முக்கியமாகப் பட்டது வேறொன்று. சேடரில் வீட்டின் கடைசிப் பிள்ளை எழுந்து, இந்த இரவு மற்ற இரவுகளிலிருந்து ஏன் வேறுபட்டது என்ற பொருளில் கேள்வி கேட்க வேண்டும். அது ஒழுங்கின் பகுதி, தவிர்க்க முடியாது. பெரியவர்கள் பதில் சொல்லியே ஆக வேண்டும். உப்புநீர் கண்ணீர். கசப்புக்கீரை அடிமை வாழ்வு. பழமும் கொட்டையும் அரைத்த ஹரோசெத், செங்கல் சூளையின் சாந்து. பிள்ளை கேட்காவிட்டாலும் சாப்பாடே கேட்க வைத்துவிடும். ஒவ்வொரு தலைமுறையும் தானே வெளியேறி வந்ததாக நினைக்க வேண்டும் என்பது அந்த இரவின் கட்டளை. உப்புக்குப் புத்தளத்தில் பஞ்சமில்லை. நாட்டின் பெரிய உப்பளங்களில் ஒன்று பாலாவியில் இருக்கிறது.

நம்மிடம் இப்படியொரு உணவு உண்டா என்றால், உண்டு. முள்ளிவாய்க்கால் கஞ்சி. 2009 இன் கடைசி வாரங்களில் அரிசியும் தண்ணீரும் உப்பும் மட்டுமாக உயிரைப் பிடித்துவைத்த கஞ்சி, இப்போது ஒவ்வொரு மே மாதமும் வீதியோரங்களில் பரிமாறப்படுகிறது. சிரட்டையில் வாங்கிக் குடிக்கும் பிள்ளை, ஏன் இதில் தேங்காய்ப்பால் இல்லை என்று கேட்கும். பதில் சொல்ல வேண்டும். அந்தக் கேள்விக்கு இருக்கும் பலம் அரசுக்கும் தெரியும். 2024 மே மாதம் சம்பூரில் கஞ்சி பரிமாறியதற்காகப் பெண்கள் உட்பட நால்வர் கைது செய்யப்பட்டார்கள்.

வடக்கு முஸ்லிம்களின் ஒக்டோபருக்குக் கூட்டங்கள் உண்டு, அறிக்கைகள் உண்டு, பதாதைகள் உண்டு. நான் போன நிகழ்வுகளில் உணவு என்று வந்தது தேநீரும் வடையும்தான். புத்தளத்தில் பிறந்த பிள்ளைகளுக்கு மன்னார் பெற்றோரின் ஊர்; அவர்களுடைய ஊர் இது. யாரும் கேட்காததால் பலர் சொல்வதில்லை. ராத்தாவின் மகனுக்குப் பதினாறு வயது. பார்சல்களைத் தாம்பாளத்தில் கொட்டிய கதையை அவன் முதன்முதலாகக் கேட்டது, அன்று கிண்ணங்களுக்கு எண்ணெய் பூசிக்கொண்டு நின்றபோது, நான் கேட்டதற்கு அவர் பதில் சொன்னதால்தான். வாப்பா அப்போது எங்கே இருந்தார் என்று அவன் கேட்டான். வாப்பா அவர்களுக்குப் பின்னால் வந்த படகில் இருந்தார்.

அன்றிரவு கத்தரிக்காய்க் கிண்ணம் முதலில் முடிந்ததாம். உருளைக்கிழங்கில் நான்கு மீந்தன. மீந்தவற்றைக் குளிர்ந்ததும் மூடிக் குளிர்பெட்டியில் மூன்று நாள் வைக்கலாம். மீளச் சூடாக்கும்போது கிண்ணத்திலிருந்து கவிழ்த்து எடுத்து நேரே தட்டில் வைத்தால் முறுகல் திரும்பும். ராத்தா இப்போது கத்தரிக்காய்க் கிண்ணத்தை மாசித்தூளோடு நோன்புக் காலத்தில் விற்றுப் பார்க்க யோசிக்கிறார். மாசி சேர்த்தால் உப்பைப் பாதியாகக் குறைக்க வேண்டும், பச்சைமிளகாய் இரண்டு போதாது என்கிறார்.